சந்தனம் பூசிய பருந்து

கும்பாபிஷேகத்தில் கருடன் வட்டமிட்டது என்று யாராவது உருகி உருகிச் சொன்னால் நான் எழுந்து சமையலறைக்குப் போய்விடுவேன். உட்கார்ந்திருந்தால் வாய் சும்மா இருக்காது. ஒரு கருடன் எப்படி வந்தது என்பது எனக்குத் தெரியும். எங்கள் வீட்டு மொட்டை மாடியில், ரிப்பேரான கூலர் பெட்டிக்குள் ஐந்து மாதம் இருந்துவிட்டு, தேங்காய்க் கூடையில் வந்தது.

தொண்ணூறுகளின் கடைசி அது. சரோஜினி நகரில் மேல்மாடி குவார்ட்டர்ஸ் எங்களுக்கு. நானும் என் வீட்டுக்காரரும் ஆளுக்கொரு அமைச்சகத்தில் குமாஸ்தா. இரண்டு பேருக்கும் ஊர் திருநெல்வேலிப் பக்கம். சுதந்திர தினத்தன்று டெல்லியே மாடியில் நின்று பட்டம் விடும். கண்ணாடித் தூள் தடவிய மாஞ்சா நூலால் அடுத்தவன் பட்டத்தை அறுப்பதில் அவ்வளவு சந்தோஷம். அறுந்த நூல் எங்கே போகிறது என்று ஒருத்தனும் பார்ப்பதில்லை. அந்த வருஷம் அது எங்கள் டி.வி. ஆன்டெனாவில் வந்து சுற்றிக்கொண்டது. அதில் ஒரு பருந்து தலைகீழாகத் தொங்கியது. இடது இறக்கை எலும்பு தெரிகிற அளவுக்கு அறுபட்டிருந்தது. எதிர் மாடியில் கைதட்டி ஆடிக்கொண்டிருந்தார்கள், எவன் பட்டமோ போயிருக்கிறது.

போர்வையைப் போட்டு அமுக்கி, ஆட்டோவில் மாட்டு டாக்டரிடம் கொண்டுபோனோம். தைத்துக் கொடுத்தார். பறக்குமா என்று கேட்டேன். இறக்கையை அசையவிடாமல் வைத்திருந்து நல்ல கறி போட்டு வளர்த்தால் பார்க்கலாம் என்றார், அதுவும் உதட்டைப் பிதுக்கிக்கொண்டு. அந்த உதட்டுப் பிதுக்கல்தான் என்னைக் கிளப்பிவிட்டது. இதைப் பறக்க வைக்காமல் விடுவதில்லை என்று ஆட்டோவிலேயே முடிவு கட்டிவிட்டேன்.

நாங்கள் சைவம். முட்டை உடைத்த பாத்திரம் எங்கள் வீட்டில் கிடையாது. ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் முருங்கைக்காயும் அப்பளமும் வாங்குகிற எனக்கு, கறிக்கடைப் பக்கம் மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடித்தான் பழக்கம். அங்கேயே போய் நின்றேன். என்ன கேட்பது என்றுகூடத் தெரியவில்லை. பையா, சீலுக்கு வேண்டும் என்றேன். ஹிந்தியில் பையா என்றால் அண்ணன், சீல் என்றால் பருந்து. கடைக்காரர் சிரித்துவிட்டு நுரையீரலும் கொழுப்புமாகப் பொட்டலம் கட்டித் தந்தார். முதல் வாரம் பூராவும் எனக்குக் குமட்டிக்கொண்டே இருந்தது. அதற்கு ஒரு குமட்டலும் இல்லை, கறியோடு என் விரலையும் சேர்த்துத்தான் பிடுங்கியது.

காலனித் தமிழர்கள் சேர்ந்து கட்டிய பிள்ளையார் கோயில் இரண்டு தெரு தள்ளி இருந்தது. சனிக்கிழமைப் பிரசாதத்துக்குப் பொங்கல் கிண்டுவது பல வருஷமாக என் வேலை. கோயில் கமிட்டிச் செயலாளர் எங்களுக்குக் கீழ்வீட்டுக்காரர். மதுரைக்காரர், ரிட்டயர் ஆகப்போகிற செக்‌ஷன் ஆபீசர். என் பை கசிந்து படிக்கட்டில் ஒரு சொட்டு ரத்தம் விழுந்ததைப் பார்த்துவிட்டார். அடுத்த சனிக்கிழமை நான் கரண்டியை எடுக்கும்போது பக்கத்தில் வந்து நின்றார். தப்பாக நினைக்கக் கூடாதாம், கறி தொட்ட கையாம், அந்தப் பறவை வீட்டைவிட்டுப் போகிற வரைக்கும் நான் பிரசாதத்தில் கை வைக்காமல் இருந்தால் நல்லதாம். எனக்கு உச்சந்தலைக்கு ஏறியது. சோப்புப் போட்டுக் கழுவாத கையா இது? கரண்டியை அப்படியே அண்டாவுக்குள் விட்டுவிட்டு வந்தேன். அன்றைக்குப் பொங்கல் அடிப்பிடித்துவிட்டதாகக் கேள்விப்பட்டேன். நன்றாக வேண்டும்.

என் வீட்டுக்காரரும் கமிட்டியில் உண்டு. மைக், ஷாமியானாப் பந்தல் எல்லாம் அவர் பொறுப்பு. என்னைச் சொன்னபோது அவரும் அங்கேதான் நின்றார், வாயைத் திறக்கவில்லை. மனுஷர் தங்கமானவர். ஆனால் யாரிடமும் முடியாது என்று ஒரு வார்த்தை சொல்ல வராது.

ஐப்பசியில் இறக்கையில் போட்டிருந்த கட்டை அவிழ்த்தோம். கூலர் பெட்டியில் மூன்று பக்கமும் வலை அடித்து, நடுவே ஒரு கம்பு வைத்துக் கொடுத்திருந்தேன். சாயங்காலம் ஆபீசிலிருந்து வந்ததும் வெளியே விடுவேன். தத்தித் தத்தி நடக்கும், இறக்கையை விரிக்கும், இரண்டு அடி எழும்பித் துணிக்கொடியில் மோதி விழும். விழுந்துவிட்டு என்னைத்தான் முறைக்கும். அந்த முறைப்பு எனக்குப் பிடித்துப்போயிற்று. எனக்கும் விழுந்தால் அழுகை வராது, கோபம்தான் வரும். மார்கழியில் மாடியின் பாதி தூரம் போக ஆரம்பித்தது. இடது இறக்கை மட்டும் கொஞ்சம் தொங்கியே இருந்தது.

அந்தத் தை மாதம் கோயிலுக்குக் கும்பாபிஷேகம் வைத்தார்கள். நம் ஆட்களுக்குக் கும்பாபிஷேகம் என்றால் கலசத்தில் தண்ணீர் விழும்போது மேலே கருடன் வட்டமிட வேண்டும். வராவிட்டால் சாமி ஏற்றுக்கொள்ளவில்லை என்று பேச்சு கிளம்பிவிடும். வெள்ளைக் கழுத்தும் செம்மண் நிறமுமாக நம் ஊர்க் குளத்தங்கரையில் சுற்றுகிற அந்தப் பருந்துக்கு டெல்லியில் எங்கே போவது? இங்கே குப்பைமேட்டில் வட்டமிடுகிற பழுப்புப் பருந்துதான். போன கும்பாபிஷேகத்துக்கு அதுகூட வரவில்லை. மற்றக் காலனிக் கோயில்காரர்கள் அதைச் சொல்லியே செயலாளரைப் பல வருஷம் குத்திக் காட்டினார்களாம். பாவம்தான். அதற்காக?

ஒரு சாயங்காலம் அவரே மாடி ஏறி வந்தார். கூலர் பெட்டி முன்னால் நின்று கைகூப்பினார். என் கையைத் தீட்டு என்ற அதே வாய், “கருட பகவான் நம்ம வீட்டுலயே இருக்காரேம்மா” என்றது. கலசத்தில் தண்ணீர் விடுகிற சமயம் மேலிருந்து பறக்கவிட்டால் போதுமாம், சனங்களுக்கு மனசு குளிர்ந்துவிடுமாம். நான் பொறுமையாகத்தான் சொன்னேன். இது இன்னும் மாடியின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக்கே முழுசாகப் போகவில்லை. தை மாத மூடுபனியில் நல்ல பருந்தே வெயில் ஏறாமல் மரத்தைவிட்டுக் கிளம்பாது. தள்ளிவிட்டால் கல் மாதிரி விழும், இத்தனை மாதப் பாடும் போய்விடும். பங்குனி வரைக்கும் பொறுங்கள் என்றேன். முகூர்த்தம் பங்குனியில் இல்லையேம்மா என்றார். கதவைக் காட்டினேன்.

அவர் போன பிறகும் எனக்கு எரிச்சல் அடங்கவில்லை. நான் கல்யாணமாகி டெல்லிக்கு வந்த புதிதில் பெரிய மரங்களின் உச்சியில் பிணந்தின்னிக் கழுகுகள் கும்பலாக உட்கார்ந்திருக்கும். பஸ்ஸில் போகும்போது பார்ப்பேன், பார்க்கச் சகிக்காது. கொஞ்ச வருஷத்தில் ஒன்றுகூட இல்லை. மாட்டுக்குப் போடுகிற வலி மருந்து, செத்த மாட்டின் வழியாக அவற்றைக் கொன்றது என்று ரொம்பப் பின்னால் பேப்பரில் படித்தேன். ஒரு இனமே வானத்திலிருந்து காணாமல் போனபோது இந்தக் கமிட்டியில் ஒருத்தர் தலையை நிமிர்த்திப் பார்க்கவில்லை. கும்பாபிஷேகத்தன்று மட்டும் கழுத்து வலிக்க மேலே பார்ப்பார்கள். வேண்டுமென்றால் பகவான், வேண்டாமென்றால் தீட்டு. வெட்கமில்லை?

முகூர்த்தத்தன்று என் வீட்டுக்காரர் இருட்டோடு கிளம்பிப் போனார். மைக் கட்டப் போகிறார் என்று நினைத்தேன். குளிருக்காகக் கூலர் பெட்டிமேல் நான் போட்ட சாக்கு, போட்டபடியே இருந்தது, தூக்கிப் பார்க்கவில்லை. குளித்துச் சால்வையைப் போர்த்திக்கொண்டு கோயிலுக்குப் போனேன். பனியில் விமானமே மங்கலாகத்தான் தெரிந்தது. சாரத்தில் குருக்கள் குடத்தோடு ஏறினார். நாதஸ்வரம் உச்சத்துக்குப் போயிற்று. அப்போதுதான் அதே சாரத்தில், விமானத்துக்குப் பின்னால், செயலாளர் ஒரு தேங்காய்க் கூடைக்குள் கையை விடுவதைப் பார்த்தேன். கூடையைப் பிடித்துக்கொண்டு நின்றது என் வீட்டுக்காரர்.

வெளியே எடுத்தபோது எனக்கு ஒரு நிமிஷம் அடையாளமே தெரியவில்லை. கழுத்திலும் மார்பிலும் சந்தனத்தைக் குழைத்து அப்பியிருந்தார்கள், வெள்ளைக் கழுத்துக் கருடனாகத் தெரிய வேண்டுமாம். தலையில் குங்குமம். கழுத்தில் பூச்சரம். விடாதீர்கள் என்று கத்தினேன். மைக் சத்தத்தில் யாருக்குக் கேட்கிறது? தூக்கிப் போட்டார். இறக்கை விரிந்தது, போட்டோக்காரரின் ஃப்ளாஷ் மின்னியது, கருடன் கருடன் என்று அத்தனை கைகளும் தலைக்கு மேல் போயின. பக்கத்தில் நின்ற அம்மாள் தேம்பி அழுதார். மறு நொடி அது ஷாமியானாத் துணியில் விழுந்து, சறுக்கி, அந்தப் பக்கம் மறைந்துவிட்டது.

கூட்டத்தை இடித்துக்கொண்டு ஓடினேன். எல்லோரும் அண்ணாந்து பனிக்குள் கருடனைத் தேடிக்கொண்டிருந்தார்கள். அது அவர்கள் கழற்றிப் போட்ட செருப்புக் குவியலுக்குப் பக்கத்தில் வாயைப் பிளந்துகொண்டு கிடந்தது. ஒருத்தர், ஒரே ஒருத்தர் குனிந்து பார்த்திருக்கக் கூடாதா? மேலிருந்து தெளித்த தீர்த்தம் என் தலையிலும் அதன்மேலும் விழுந்தது. பூச்சரத்தைப் பிய்த்து எறிந்துவிட்டு, அதைச் சால்வையில் சுருட்டி வீட்டுக்குத் தூக்கி வந்தேன்.

மத்தியானம் என் வீட்டுக்காரர் பிரசாதப் பொட்டலத்தோடு வந்தார். அவரிடம் நான் கேட்டது ஒரே கேள்விதான்.

“பறக்காதுன்னு ஒங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?”

“தெரியும்” என்றார். பொட்டலத்தைக் கீழே வைக்கக்கூட இல்லை. “அவ்வளவு பேரும் ஆசையாக் கேட்டாவ. முடியாதுன்னு சொல்ல எனக்கு வாய் வரல.”

அதன்பிறகு ஒரு மாதத்துக்குமேல் நான் அவரோடு பேசவில்லை. தட்டில் சோறு விழும், வார்த்தை விழாது.

காய்ந்த சந்தனம் இறகோடு இறகாக ஒட்டிக் கெட்டியாகிவிட்டது. துணியை வெந்நீரில் நனைத்து ஒற்றி ஒற்றி எடுத்தேன். இழுத்தால் இறகு வரும், இழுக்காவிட்டால் சந்தனம் வராது. தைத்த இடம் மறுபடி வீங்கியிருந்தது. ஒரு வாரம் அது கறியைத் திரும்பிப் பார்க்கவில்லை. சுலபத்தில் அழாதவள் நான். அந்த வாரம் கூலர் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஆத்திரத்தில் அழுதேன். என் விரலை மறுபடி கடித்தபோதுதான் எனக்கு உயிரே வந்தது.

பங்குனியில் வெயில் ஏறியது. ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் துணி உலர்த்திக்கொண்டிருக்கும்போது, கைப்பிடிச் சுவரிலிருந்து தானாகக் கிளம்பியது. எதிர் மாடிக்கு மேலே போயிற்று, தண்ணீர்த் தொட்டிக்கு மேலே போயிற்று, இறக்கையை அடிக்காமலே சுற்றிச் சுற்றி ஏறிற்று. இடது பக்கம் கொஞ்சம் தாழ்வாக. நாதஸ்வரம் இல்லை, கூட்டம் இல்லை, ஈரச் சேலையைப் பிடித்துக்கொண்டு நான் மட்டும் நின்றேன். வாய்விட்டுச் சிரித்தேன்.

அடுத்த குளிர்காலம் அது ஜோடியோடு திரும்பி வந்தது. கோயில் மதிலை ஒட்டி நின்ற இலவ மரத்தில் கூடு கட்டியது. அந்தத் தொங்கல் இறக்கை எனக்குத் தெரியாதா? குஞ்சு பொரித்த பிறகு எலும்பும் கறித்துண்டும் பிராகாரத்தில் விழ ஆரம்பித்தன. கமிட்டி கூடியது. கோயிலுக்குள் மாமிசம் விழுகிறது, கிளையோடு வெட்டிவிடலாம் என்று முடிவு செய்தார்கள். அவர்கள் உட்கார்ந்து முடிவு செய்த அந்த ஆபீஸ் சுவரில்தான், கலசத்துக்குப் பக்கத்தில் இறக்கை விரித்த கருடன் பெரிய ஃபிரேமுக்குள் மாலையோடு தொங்கியது. அன்று ஃப்ளாஷ் மின்னியபோது எடுத்த படம். என் வீட்டுக்காரர் வந்து தயங்கித் தயங்கி விஷயத்தைச் சொன்னார். எனக்குக் கண்ணு மண்ணு தெரியவில்லை. படத்துக்கு மாலை, பறவைக்கு ரம்பமா?

மறுநாள் லீவு போட்டேன். நேரே கோயில் ஆபீசுக்குப் போய்ப் படத்தைக் கழற்றினேன். மரத்தில் ஆணி அடிக்க மனசு வரவில்லை. என் பழைய சிவப்புச் சேலையைக் கிழித்து, அடிமரத்தோடு படத்தைச் சேர்த்துக் கட்டினேன். சந்தனத்தைக் குழைத்து மரத்தில் தாராளமாக அப்பினேன். குங்குமம் வைத்து ஊதுபத்தி கொளுத்தினேன். வெட்ட வந்த இரண்டு பேரும் ரம்பத்தைக் கீழே வைத்துவிட்டுச் செருப்பைக் கழற்றிக் கும்பிட்டார்கள். இது பகவானுடைய மரம், எங்களால் ஆகாது என்று ஹிந்தியில் சொல்லிவிட்டுப் போயே போய்விட்டார்கள். சாயங்காலத்துக்குள் கோயிலுக்கு வந்த பெண்கள் மரத்தையும் சேர்த்துச் சுற்ற ஆரம்பித்திருந்தார்கள்.

செயலாளர் வேகமாக வந்தார். முகம் கறுத்திருந்தது. படத்தைக் கழற்றுங்கள் என்றார்.

“நீங்களே கழட்டுங்க” என்றேன். “இது கருடன் இல்ல, என் கூலர் பெட்டியில கறி தின்னு வளந்த சீலுன்னு மைக்குல சொல்லிட்டுக் கழட்டுங்க.”

மரத்தைச் சுற்றிக்கொண்டிருந்த பெண்களைப் பார்த்தார். மேலே கூட்டைப் பார்த்தார். வந்த வழியே போய்விட்டார்.

ஆனால் சும்மா இருக்கிற ஆள் இல்லை. இரண்டு நாள் கழித்து என் வீட்டுக்காரரைக் கோயிலுக்குக் கூப்பிட்டு, யாருக்கும் தெரியாமல் நீங்களே படத்தை எடுத்து வைத்துவிடுங்கள் என்று நயமாகக் கேட்டிருக்கிறார். கமிட்டி முழுக்கச் சுற்றி நின்றதாம். வீட்டுக்கு வந்தவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே நின்று என்னிடம் சொன்னார்.

“முடியாதுன்னு சொல்லிட்டேன்.”

பெரிய மலையைப் புரட்டிவிட்டு வந்தவர் மாதிரி மூச்சு வாங்கியது அவருக்கு. நான் ஏதாவது நல்ல வார்த்தை சொல்வேன் என்று பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கோ செருப்புக் குவியலுக்குப் பக்கத்தில் பருந்து வாயைப் பிளந்துகொண்டு கிடந்ததுதான் கண் முன்னால் வந்தது.

“இந்த ஒரு வார்த்தைய அன்னைக்கே சொல்லிருக்கலாம்லா” என்றேன்.

அவர் குனிந்து செருப்பைக் கழற்றினார்.