பவுடரைக் கழுவச் சொன்ன டைரக்டர்

சாலைக் கடைத்தெருவில் நான் வேலை பார்க்கும் ஜவுளிக்கடைக்கு ஒரு மலையாளப் பொண்ணு தன் முதல் குறும்படத்தை எடுக்க வந்தது. பெண்ணுக்கு எது அழகு என்பதுதான் கதை. அந்தப் பொண்ணுக்கோ ஒட்ட வெட்டிய முடி, தொளதொளச் சட்டை. யாரிடம் பேசினாலும் கேமராவைக் கீழே வைத்துவிட்டுத்தான் பேசும்.

சேலை கட்டிய பொம்மைக்குப் பக்கத்தில் அதே சேலையில் என்னை நிற்கச் சொன்னது. நானோ எட்டாவதோடு நின்றவள், கறுப்பு, கன்னமெல்லாம் அம்மைத் தழும்பு. ஊரே சிரிக்குமே என்று பயந்து, பவுடரை அப்பிக்கொண்டு போனேன்.

"சேச்சி, முகம் கழுவிட்டு வரணும் கேட்டோ."

"தழும்பு தெரியுமே மக்களே! சேலை விக்காதுன்னு முதலாளி ஏசுவாரு."

"அப்போ இனி சேலை விக்க அந்தப் பொம்மையையே அனுப்பச் சொல்லுங்க முதலாளிகிட்ட."

சிரித்துக்கொண்டே கழுவினேன்.

படம் காட்டிய அன்று, திரை முழுக்க என் முகம். ஒருத்தரும் சிரிக்கவில்லை. வெளியே வந்ததும் ஒரு அம்மா என் கையைப் பிடித்து, "அந்தச் சேலை எங்க கிடைக்கும்?" என்றார்.

என்னிடம் அந்தப் பொண்ணு என்ன கண்டதோ, இன்றைக்கும் புரியவில்லை. ஆனால் அன்று தலை நிமிர்ந்துதான் சொன்னேன்: "கடைக்கு வாங்கம்மா, நானே உடுத்திக் காட்டுறேன்."