வில் இல்லாத வில்லுப்பாட்டு

எண்பதுகளின் தொடக்கம். சங்கரன்கோவில் கிளைச்சிறையில் நான் காவலராகச் சேர்ந்த புதிது. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அரசாங்கச் சம்பளம் வந்ததும் என்னோடுதான்.

ஆடித்தபசுத் திருவிழா முடிந்த சமயம், பனவடலிசத்திரம் பக்கத்திலிருந்து இருவர் விசாரணைக் கைதிகளாக வந்தார்கள். ஒருவர் வில்லுப்பாட்டில் முன்பாட்டுக்காரர். மற்றவர் பல வருடம் அவருக்குக் குடம் அடித்தவர். கிணற்றுத் தண்ணீர்த் தகராறில் ஆளுக்கொரு அரிவாள் எடுத்துவிட்டு, இப்போது எதிரெதிர் அறை. வெளியே போனதும் மிச்சத்தை முடிப்பதாக இருவருமே சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

சுதந்திர தினத்தன்று இவர்களைப் பாடவைத்தால் என்ன என்று அதிகாரியிடம் கேட்டேன். வில்லும் கயிறும் உள்ளே வரக்கூடாது, அடிதடி நடந்தால் என் வேலை போய்விடும் என்று எச்சரித்துத்தான் சம்மதித்தார். தண்ணீர்க் குடமும் பனைமட்டைத் துண்டும்தான் வாத்தியம்.

வில்லுப்பாட்டில் முன்பாட்டுக்காரர் ஒரு வரி சொன்னால் பக்கத்தில் இருப்பவர் ‘ஆமா’ போட வேண்டும். அப்போதுதான் கதை நகரும். குடக்காரர் முன்கூட்டியே சொல்லிவிட்டார்: “கொடம் அடிக்கேன் சார். அவனுக்கு ஆமா மட்டும் போடமாட்டேன்.”

கொடியேற்றி முடிந்ததும் முற்றத்தில் உட்கார்ந்தார்கள். அண்ணன் தம்பி கதை. முதல் வரிக்கு ஆமா இல்லை. இரண்டாவதுக்கும் இல்லை.

“ஏலே, கதைக்கு வாய்தா போட்டாச்சா?” என்றான் பின்னாலிருந்து ஒரு கைதி. எல்லோரும் சிரித்தார்கள். குடக்காரர் கையில் மட்டை இறுகியது. நான் எழுந்தேவிட்டேன்.

முன்பாட்டுக்காரர் ராகத்தை நிறுத்தினார். குடத்தைப் பார்த்தபடி பேச்சாகவே சொன்னார்: “அந்த அண்ணங்காரன் என்ன செஞ்சான்? தம்பி மொறைத் தண்ணிய தன் வயலுக்குத் திருப்புனான். கேக்க வந்தவன்மேல மொதல்ல அருவாள ஓங்குனதும் அவந்தான்.”

கதையில் இல்லாத வரி அது. குடக்காரர் மட்டையை மடியில் வைத்தார். பிறகு “ஆமா” என்றார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, “தம்பி மட்டும் சும்மா நின்னானாக்கும்?” என்று சேர்த்தார்.

“ஆமா போடச் சொன்னா கேள்வி கேக்கியேவே” என்றார் முன்பாட்டுக்காரர்.

அதன்பின் குடம் அதிர்ந்த அதிர்வில் கைதிகள் எல்லோருமே ஆமா போட ஆரம்பித்தார்கள். கடைசியில் அதிகாரியின் குரலும் அதில் கேட்டது.

வழக்கு முடிந்து, அவர்கள் ஊர் அம்மன் கொடைத் திருவிழாவுக்கு என்னையும் அழைத்திருந்தார்கள். இருவரும் ஒரே மேடையில், இந்தத் தடவை வில்லோடு.

யாரிடமாவது பேச்சை முறித்துக்கொள்ளலாம் என்று நினைக்கும்போதெல்லாம், குடக்காரர் போட்ட அந்த முதல் ‘ஆமா’ நினைவுக்கு வந்து, என்னை ஒரு படி இறங்கிப்போய்ப் பேச வைத்துவிடுகிறது.