அண்ணி விழுந்த மதியக் காட்சி

அண்ணி விழுந்தபோது நான் சிரிப்பு மூட்டிக்கொண்டிருந்தேன். முகமெல்லாம் வெள்ளை மாவு, மூக்கில் சிவப்பு உருண்டை, இடுப்பில் நிற்காத கால்சட்டை. எங்கள் குடும்ப சர்க்கஸில் நான்தான் பபூன். ஊஞ்சலில் தலைகீழாகத் தொங்கிக்கொண்டு பிடிக்கிறவர் அண்ணன். எதிர் ஊஞ்சலிலிருந்து பறந்து வருகிறவர் அண்ணி.

ஒரு கரடியையும் இரண்டு குதிரைகளையும் வைத்து அப்பா ஆரம்பித்த கம்பெனி அது. ஆற்காடு, வாலாஜா, செய்யாறு என்று ஊர் ஊராகச் சுற்றி, நான் தலையெடுத்தபோது ஒரு யானை, நாற்பது ஆட்கள் என்று வளர்ந்திருந்தது. அப்பாவுக்குச் சட்டம் ஒன்றே ஒன்று. "ரிங்ல உழுந்தவன் ரிங்லயே எழுந்து கும்புடணும். படுத்துக்கினே வெளிய போனா அந்த ஊர்ல நம்ம கதை முடிஞ்சுது" என்பார். யாராவது விழுந்தால் பேண்டு வாத்தியம் நிற்கக் கூடாது. பபூன் ஓடிப்போய் விழுந்தவரைத் தூக்கி நிறுத்த வேண்டும். சனம் அதையும் விளையாட்டு என்று நினைத்துக் கைதட்ட வேண்டும். விலா எலும்பு ஒடிந்து அப்பாவே அப்படிக் கும்பிட்டிருக்கிறார். தோள்பட்டை விலகி நானும் கும்பிட்டிருக்கிறேன். அதில் எங்களுக்குத் திமிர் வேறு! "அவன் ஆளைக் கட்டில்ல தூக்கிக்கினு போறவன்தானே" என்று மற்ற கம்பெனிக்காரர்களை இளக்காரமாகப் பேசுவோம்.

எழுபதுகளின் தொடக்கம். வைகாசியில் வரதராஜப் பெருமாள் கோயில் திருவிழாவை ஒட்டிச் சின்ன காஞ்சிபுரத்தில் கூடாரம் போட்டோம். அண்ணிக்கு அது பிறந்த ஊர். தறி ஓடுகிற வீட்டுப் பெண். முன்பு நாங்கள் அங்கே வந்திருந்தபோது அண்ணனைப் பிடித்துப்போய், வீட்டை எதிர்த்துக் கட்டிக்கொண்டவர். அவர் அம்மா மகளைத் தலைமுழுகிவிட்டாள். ஐந்து வருஷம் பேச்சே கிடையாது. அண்ணி ஆள்மேல் ஆள் அனுப்பி, காலில் விழாத குறையாகக் கெஞ்சி, ஒரு மதியக் காட்சிக்கு அந்த அம்மாளை வரவழைத்திருந்தார். முன்வரிசையில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு அவள் உட்கார்ந்திருந்ததை நானே பார்த்தேன். திரைக்குப் பின்னால் அண்ணிக்குக் கால் தரையில் பாவவில்லை. "வந்துட்டாங்கபா! நான் பறக்கறதப் பாத்தா கோவமெல்லாம் போயிடும், பாரு" என்றார்.

முதல் நாள் பெய்த மழையில் மண் இளகியிருந்தது. அண்ணி கைதவறி வலையில் விழுந்தார். அது சாதாரணம், அடிக்கடி நடக்கிறதுதான். ஆனால் வலையை இழுத்துக் கட்டியிருந்த முளை ஒன்று பிடுங்கிக்கொண்டு வர, வலை ஒரு பக்கமாகச் சரிந்து அவரைத் தரையில் எறிந்தது. பேண்டு நிற்கவில்லை. நான் குட்டிக்கரணம் அடித்துக்கொண்டே ஓடி, குனிந்து அக்குளில் கை கொடுத்தேன்.

"வேணாம்பா, தூக்காத. இடுப்புக்குக் கீழ ஒண்ணுமே தெரியல" என்றார்.

தெளிவாகச் சொன்னார். எனக்குத் தெளிவாகவே கேட்டது. ஒரு நொடி கையை எடுத்தும்விட்டேன். மேலே ஊஞ்சலில் அண்ணன், திரையோரம் அப்பா, சுற்றிலும் சனம், முன்வரிசையில் அந்த அம்மாள். பாழாய்ப்போன சட்டம்! தூக்கினேன். ஒரு கையால் அவரை மார்போடு இறுக்கி நிறுத்தி, மறு கையால் அவர் கைகளைச் சேர்த்துப் பிடித்துக் கும்பிட வைத்தேன். கூடாரமே அதிர்ந்தது. அவர் அம்மா எழுந்து நின்று கண்ணீரோடு கைதட்டினாள். அண்ணி உதட்டைக் கடித்துக்கொண்டு அவளைப் பார்த்துச் சிரித்தார்.

"விழுந்ததும் அசைச்சீங்களா?" என்று ஆஸ்பத்திரியில் டாக்டர் கேட்டார். நான் முகத்து மாவைத் துடைத்துக்கொண்டிருந்தேன். "அசைக்காம கொண்டாந்திருந்தா ஒருவேளை…" என்று பாதியில் நிறுத்திக்கொண்டார். அந்த ஒருவேளை இன்றுவரை என்னை அரித்துத் தின்கிறது. என் கையை வெட்டிப் போட்டிருக்கலாம்.

அண்ணி அப்புறம் நடக்கவே இல்லை. அடுத்த வருஷமே அப்பா யானையையும் கூடாரத்தையும் விற்றுவிட்டார். நாங்கள் காஞ்சிபுரத்திலேயே தங்கிவிட்டோம். அண்ணன் லாரி ஓட்டப் போனார், நான் சைக்கிள் கடை வைத்தேன். அண்ணியின் அம்மா தன் கடைசி நாள்வரை மகளைக் குளிப்பாட்டித் தலைவாரிவிட்டாள். கூடாரம் போட்ட இடத்தில் இப்போது கல்யாண மண்டபம் இருக்கிறது. அந்த வழியாக நான் போவதில்லை.

அண்ணி சாவதற்குச் சில நாள் முன்பு ஒரு காலையில் கஞ்சி கொண்டுபோனேன்.

"ஒண்ணு கேப்பேன், மறைக்காம சொல்லு. அன்னிக்குத் தூக்காதன்னு சொன்னேனே, உனக்குக் கேட்டுச்சா?"

முப்பது வருஷமாக அவர் கேட்காமல் வைத்திருந்த கேள்வி.

"எதையாவது சொன்னீங்களா அண்ணி? பேண்டு சத்தத்துல ஒண்ணும் கேக்கலியே" என்றேன்.

அண்ணி என் கன்னத்தைத் தட்டினார். "அதானே பாத்தேன். நீயாவது, கேட்டுட்டுத் தூக்கறதாவது" என்று சொல்லிவிட்டு, கஞ்சியை ஒரு சொட்டு மிச்சம் வைக்காமல் குடித்தார்.