கடைசிப் பக்கத்தில் இருக்கும் யோசனை

அந்தப் பச்சை அட்டை அறிவியல் பயிற்சிநூலுக்கு விடைப்பட்டியல் எழுதியவரே, உங்கள் பெயர் எனக்குத் தெரியாது. அட்டையில் "ஆசிரியர் குழு" என்று மட்டும்தான் போட்டிருக்கிறது. ஆனால் நீங்கள் செய்த காரியம் தெரியும். தொடக்கப்பள்ளியில் நான்காம் ஆண்டு படிக்கும் யாழினி என்ற பிள்ளை, பல வாரம் தயங்கித் தயங்கித் தூக்கிய கையை, ஒரே வரியில் இறக்கிவிட்டீர்கள். எப்படி என்று சொல்கிறேன். அதுவரை எழுந்து போகாமல் உட்காருங்கள்.

கேள்வி கேட்டுப் பிழைக்கும் மற்ற தோழர்களுக்கு ஒரு வார்த்தை. நம்முடையது விசித்திரமான தொழில். பதில் தெரிந்த நாம் கேட்கிறோம், தெரியாத பிள்ளை சொல்ல வேண்டியிருக்கிறது. தப்பாகச் சொன்னால் கோபம் மட்டும் நமக்கு வருகிறது. எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே வரும். பதினைந்து வயதில், மூன்றாம் படிவத்தோடு பள்ளியை விட்டவள் நான். செனாய்ப் பக்கம் தொழிற்சாலையில் நின்றேன், சாலையோரம் டுரியான் பழம் விற்றேன், அதற்கப்புறம்தான் மாலை நேரங்களில் படித்துப் பட்டம் வாங்கினேன். இப்போது ஒன்பது வருடமாகக் கூலாயில் ஒரு கடைவீட்டு மாடியில் டியூஷன் நடத்துகிறேன். பட்டம் சுவரில் மாட்டியிருக்கிறது. வகுப்புக்குள் கைகொடுப்பது பெரும்பாலும் டுரியான் கடையில் படித்ததுதான்.

இனிக்குமா?

டுரியான் வாங்க வருகிறவர்களில் பத்துக்கு ஒன்பது பேர் கேட்பது ஒரே கேள்வி: "இனிக்குமா?" பழத்தைப் பார்க்காமலே "தேன்லா" என்று சொல்லிவிடுவேன். பெக்கோக்கிலிருந்து வரும் லாரிக்காரர் ஒருவர் மட்டும் அதைக் கேட்கமாட்டார். ஒருநாள் ஒரு பழத்தை எடுத்து, "இது எப்ப விழுந்துச்சு?" என்றார். காலையில் என்றேன். "காலையில விழுந்ததுக்குக் காம்பு ஏன் இப்படிக் காஞ்சு கெடக்கு?" என்றார். கையோடு அடுத்ததையும் போட்டார்: "அந்த அஞ்சு பழத்த மட்டும் ஏன் கூடையில தனியா வச்சிருக்க?"

அது என் வீட்டுக்கு ஒதுக்கி வைத்தது. அதிலிருந்து இரண்டை வாங்கிக்கொண்டுதான் போனார். மூன்றே கேள்வியில் என் கடையை உள்ளும் புறமும் பார்த்துவிட்டார். எனக்கு எரிச்சல். எல்லாரையும் போல இனிக்குமா என்று கேட்டு வாங்கிப் போனால் என்ன என்று கேட்டேன். பழத்தைச் சாக்கில் போட்டபடி சொன்னார்: "இனிக்குமான்னு கேட்டா நீ ஆமான்னுதான் சொல்லுவ, தங்கச்சி. அதுக்கு நான் எதுக்கு வாயத் தொறக்கணும்?"

புரிஞ்சுதா?

இவ்வளவும் தெரிந்தவள் வகுப்பில் என்ன செய்தேன் என்று நினைக்கிறீர்கள்? நீங்கள் செய்வதைத்தான். பின்னத்தை நடத்திவிட்டு "புரிஞ்சுதா?" என்பேன். பதினெட்டுப் பிள்ளைகளும் "புரிஞ்சுது டீச்சர்" என்று ஒரே குரலில் பாடுவார்கள். கேட்கச் சுகமாக இருக்கும். முதல் சோதனை வைத்தேன். அரையையும் காலையும் கூட்டி ஆறில் இரண்டு என்று பதினோரு பேர் எழுதியிருந்தார்கள்.

தாள்களை மேசையில் அறைந்தேன். அத்தனை முறை கேட்டேனே, புரியவில்லை என்று ஒருத்தராவது சொன்னீர்களா என்று சத்தம் போட்டேன். முன்வரிசையில் இருந்த தேவன், வாய்த்துடுக்குக்கு அந்த வட்டாரத்தில் பேர்போனவன், எழுந்து நின்று மரியாதையாகச் சொன்னான்: "புரியலன்னு சொன்னா நீங்க இப்படித்தான் கத்துவீங்க, டீச்சர். அதான் புரிஞ்சுதுன்னு சொன்னோம்."

லாரிக்காரர் எங்கிருந்தோ சிரிப்பது மாதிரி இருந்தது. அன்றோடு அந்தக் கேள்வியை விட்டேன். "அரையில எத்தன கால் இருக்கு?" என்று ஆரம்பித்து, "அரையும் காலும் சேர்ந்தா அரைய விடக் குறையுமா?" என்று போய், "அப்ப ஆறுல ரெண்டுன்னு எழுதுனவன் எங்க வழுக்குனான்?" என்பதில் முடிப்பேன். மூன்றாவது கேள்வி வரும்போது பதினோரு பேரும் தலையைச் சொறிவார்கள். அந்தச் சொறிதல்தான் எனக்கு வேண்டியது.

மந்திரி வேலை

பிறகு ஒரு பயிலரங்கிற்குப் போனேன். கேள்விகளுக்குப் படிகள் உண்டு என்றார்கள். நினைவில் இருப்பதைச் சொல்வது கீழ்ப்படி, விளக்குவது அடுத்தது, அதை வேறு இடத்தில் பயன்படுத்துவது அதற்கும் மேல். அப்புறம் பிரித்துப் பார்ப்பது, எடைபோடுவது, புதிதாக ஒன்றை உண்டாக்குவது. எனக்கு ஏக மகிழ்ச்சி. நான் கடையில் வாங்கிய அடிக்கெல்லாம் பெயர் வைத்திருக்கிறார்கள்.

ஆசை யாரை விட்டது? மறுநாளே உச்சிப்படிக்குத் தாவினேன். ஆறாம் ஆண்டு வகுப்பில் நுழைந்ததும் நுழையாததுமாக, "நீ சுற்றுச்சூழல் மந்திரியானால் இந்த ஆற்றுத் தூய்மைக்கேட்டை எப்படித் தீர்ப்பாய்?" என்று வெண்பலகை முழுக்க எழுதினேன். எந்த ஆறு, யார் கெடுத்தது, எதைக் கொட்டினார்கள், ஒன்றும் சொல்லவில்லை. சத்தமே இல்லை. உச்சிப்படிக் கேள்வி, ஆழமாகச் சிந்திக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டு நான் மேசைமேல் சாய்ந்து நின்றேன். கடைசியில் தேவனின் அக்கா, தம்பிக்குக் கொஞ்சமும் குறையாதவள், கையைத் தூக்கினாள்: "டீச்சர், மொதல்ல என்ன நடந்துச்சுன்னு சொல்லுங்க. அப்புறம் மந்திரியாகுறேன்."

யார் முதலில் பேசுவது

பேரத்தில் ஒரு விதி உண்டு. விலையைச் சொன்னபிறகு முதலில் வாயைத் திறப்பவருக்கு நட்டம். கடையில் நான் கல்லுமாதிரி நிற்பேன். வகுப்பில் மட்டும் என்னால் மூன்று நொடி தாங்க முடியவில்லை. பக்கத்து அறையில் ஆங்கிலம் நடத்தும் ஜெசிந்தா ஒருநாள் கதவோரம் நின்று என் பாடத்தைக் கேட்டாள். நான் வெளியே வந்ததும் தண்ணீர்ப் போத்தலை நீட்டினாள். தொண்டை காய்ந்திருப்பது அவளுக்குத் தெரிந்திருக்கிறது. "நீங்களே கேக்குறீங்க, நீங்களே பதில் சொல்றீங்க, நீங்களே வெரி குட் போட்டுக்கிறீங்க. அந்தப் பிள்ளைங்கள எதுக்குக்கா மாடி ஏற வச்சீங்க?"

கோபம் வந்தது. கதவைச் சாத்திக்கொண்டு யோசித்ததில் கோபத்துக்கு ஆதாரம் கிடைக்கவில்லை. இப்போதெல்லாம் கேள்வியைப் போட்டுவிட்டு மனசுக்குள் பத்து எண்ணுகிறேன். ஏழில் யாராவது ஒரு பிள்ளை விலை இறங்கிவிடும்.

இரண்டு மாதத் தவணை

யாழினியின் அப்பா முரளி, தினமும் விடியுமுன் மோட்டார் சைக்கிளில் எல்லை தாண்டிச் சிங்கப்பூர் வேலைக்குப் போகிறவர். ஒரு சனிக்கிழமை வந்து உட்கார்ந்தார். "பதில நோட்ல எழுதிப் போட்டா பிள்ள படிச்சுக்கும். நீங்க கேள்வியா கேட்டுக்கிட்டே இருக்கீங்களாம். உங்களுக்குப் பதில் தெரியும்ல, டீச்சர்?" என்றார். மூன்று மாதம் கொடுங்கள், அப்புறம் பேசுங்கள் என்றேன். ஒரு மாதம் என்றார். எழுந்து நின்று அவருக்குக் கதவைத் திறந்துவிட்டேன். பேரம் இரண்டு மாதத்தில் முடிந்தது.

யாழினி அதுவரை என் வகுப்பில் ஒரு வார்த்தை பேசியதில்லை. கீழ்ப்படியில் ஆரம்பித்தேன். தொட்டிச் செடி ஒன்றின் படத்தைக் காட்டி, எத்தனை இலை என்றேன். விரலைக் காட்டினாள். எது மஞ்சளாக இருக்கிறது என்றேன். தொட்டாள். உங்கள் வீட்டு மிளகாய்ச் செடி மாதிரியே இருக்கிறதா என்றேன். தலையாட்டினாள், இல்லை என்று. எது வேறாக இருக்கிறது என்று கேட்டுவிட்டு எண்ண ஆரம்பித்தேன். பத்தைத் தாண்டிப் பதினாலு வரைக்கும் போனது. "எங்க வீட்ல தொட்டிக்கு அடியில ஓட்ட இருக்கும், டீச்சர். ஒரு தொட்டியில ஓட்ட அடைச்சிக்கிட்டு, தண்ணி நின்னு, செடி செத்துப்போச்சு" என்றாள். நான்காம் ஆண்டுப் பிள்ளை, காரணம் சொல்லிக்கொண்டிருக்கிறது. அடுத்த சில வாரங்களில் கை தானாகத் தூக்கிக்கொண்டது. இரண்டு மாதம் முடிந்த அன்று முரளி சரியாக வந்து நின்றார். முகத்தில் தூக்கக் கலக்கம். "இப்ப வீட்ல என்னையே ஏன் ஏன்னு கேட்டுக்கிட்டு இருக்கு, டீச்சர். நான் தூங்கணும்லா."

எல்லாருக்கும் ஒரே கருத்து

இங்கேதான் பச்சை அட்டை வருகிறது. பள்ளியில் வாங்கச் சொன்னார்கள் என்று பிள்ளைகள் கொண்டுவந்தார்கள். "சிந்தித்து விடையளி" என்ற பகுதியில், "நீ தலைமையாசிரியராக இருந்தால் மின்சாரத்தை எப்படிச் சேமிப்பாய்? உன் கருத்தைக் கூறு" என்று கேட்டிருந்தார்கள். நல்ல கேள்வி, வீட்டில் எழுதிவரச் சொன்னேன். மறுநாள் ஒன்பது பேர் எழுதிவந்தார்கள். ஒன்பது பேரும் அறிவிப்புப் பலகையில் வாசகம் எழுதி ஒட்டுவார்களாம். வாக்கியம் ஒன்று, காற்புள்ளி விழுந்த இடமும் ஒன்று.

ஒன்பது தலைமையாசிரியர்களுக்கும் ஒரே யோசனை எப்படி வந்தது என்று தேவனைக் கேட்டேன். என்னைப் பரிதாபமாகப் பார்த்தான். புத்தகத்தைத் திருப்பி, கடைசிப் பக்கத்தை விரித்து, என் முன்னால் வைத்தான். "யோசிக்கிற கேள்விக்கெல்லாம் பதில் இங்க இருக்கு, டீச்சர்."

இரண்டு புள்ளி

போன தவணைச் சோதனையில், யாழினியின் பள்ளி அந்த நூலிலிருந்து ஒரு கேள்வியை எடுத்துப் போட்டிருந்தது. வாடிய பூச்செடி ஒன்றின் படம். "இந்தச் செடி ஏன் வாடியிருக்கலாம்? காரணம் கூறு." சரியான விடைக்கு இரண்டு புள்ளி. யாழினி எழுதியிருந்தாள்: தொட்டி, தண்ணீர் உள்ள பேசினுக்குள் இருக்கிறது, தண்ணீர் அதிகமாகி வேர் அழுகியிருக்கும். படத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். இருக்கிறது. தொட்டியின் அடியில் அகலப் பாத்திரமாக ஒரு பேசின், அதில் விளிம்புவரை தண்ணீர். உங்கள் ஓவியர் அக்கறையாகக் கோடு போட்டிருக்கிறார். கடைசிப் பக்கத்தில் நீங்கள் எழுதியிருப்பது: "தண்ணீர் ஊற்றவில்லை." அவளுக்குப் பூஜ்யம். சிவப்பு மையில்.

அவளுடைய வகுப்பாசிரியருக்குத் தொலைபேசியில் அழைத்தேன். சண்டைக்குத்தான் அழைத்தேன், மறைக்கவில்லை. மனிதர் அமைதியாகக் கேட்டார். படத்தை எடுத்துப் பார்த்தார். "ஆமாம், பேசின் இருக்கு" என்றார். கொஞ்சநேரம் அந்தப் பக்கம் சத்தமில்லை. இந்த முறை நான் முதலில் பேசவில்லை. பிறகு சொன்னார்: "பட்டியல்ல இல்லாததுக்கு நான் புள்ளி போட்டா, நாளைக்குப் பக்கத்து வகுப்புப் பெற்றோரெல்லாம் வந்து நிப்பாங்க, டீச்சர். அத எழுதுனவங்க ஒரு வார்த்த சொன்னா நான் இன்னிக்கே போட்டுடுவேன்." அவரிடம் என் கோபம் செல்லவில்லை. அவரும் நம்மில் ஒருவர்தான்.

பத்து எண்ணியபிறகு

அடுத்த வகுப்பில் பாடம் காந்தம். காந்தம் ஏன் இந்த ஆணியை இழுக்கிறது, அந்தக் கரண்டியை ஏன் இழுக்கவில்லை என்று கேட்டுவிட்டு எண்ணினேன். தேவன் ஏதோ சொன்னான், இன்னும் இரண்டு பேர் சொன்னார்கள். யாழினியின் கை மேசைமேலேயே இருந்தது. நீ என்ன நினைக்கிறாய் பாப்பா என்று அவளிடமே கேட்டேன். பயிற்சிநூலை எடுத்துக் கடைசிப் பக்கத்தைப் புரட்டினாள். முகத்தில் கோபமோ அழுகையோ இல்லை. எனக்கு உதவி செய்கிறவள் மாதிரிதான் கேட்டாள்: "புக்குல என்ன போட்டிருக்கு, டீச்சர்? நான் அதையே சொல்லிடுறேன்."

நான் மேசையை அறையவில்லை. மறுநாள் நிஜமாகவே ஒரு பூந்தொட்டியைப் பேசின் தண்ணீரில் வைத்து வகுப்பு நடுவில் கொண்டுவந்து வைத்தேன். மறுபடியும் முதல் படி. எத்தனை இலை என்று யாழினியைக் கேட்டேன். விரலைக் காட்டினாள், ஏழு. இலை வாட வாட நான் மேலே ஏறுவேன், அவளும் ஏறுவாள். மூன்றே கேள்வியில் ஒரு லாரிக்காரர் என்னை மடக்கினார். எனக்கு முப்பது தேவைப்பட்டாலும் அந்தக் கையை மறுபடி தூக்கவைப்பேன், அதில் எனக்குச் சந்தேகமே கிடையாது.

ஆனால் அந்த இரண்டு புள்ளி உங்கள் கையில் இருக்கிறது, ஐயாவோ அம்மாவோ: அந்த வகுப்பாசிரியரை அழைத்து இந்தப் பிள்ளை சொன்னதும் சரிதான் என்று சொல்லுங்கள், மறுபதிப்பில் அந்த விடைக்குக் கீழே "பொருத்தமான வேறு விடைகளும் சரி" என்று நாலே நாலு சொல் போடுங்கள், நான் டுரியான் விற்றவள், மூன்று சொல்லுக்கெல்லாம் இறங்கிவரமாட்டேன்.