நான் சொல்லாமல் விட்ட வாக்கியம்

அந்த அயர்லாந்து இயக்குநர் எடுத்தவற்றில் கைக்குக் கிடைத்த எல்லாவற்றையும் பார்த்துவிட்டேன். துப்பறியும் தொடர்கள், இரண்டு திரைப்படங்கள், ஒரு நாய் கதாநாயகனாக வரும் தொலைக்காட்சி நாடகம்கூட. என்னோடு சினிமா படிப்பவர்கள் யாராவது அவர் பெயரை எடுத்தால் போதும், "அவருடைய முதல் படத்தில் நான் வேலை செய்திருக்கிறேன்" என்று குறுக்கே பாய்ந்து பீற்றிக்கொள்வேன். என்ன வேலை என்று கேட்டால் மட்டும் பேச்சை மாற்றிவிடுவேன்.

எண்பதுகளின் நடுவில், ஜெர்மனியில் கொலோன் நகருக்கு வெளியே ஓர் அகதிகள் விடுதியில் அம்மாவும் நானும் இருந்தோம். எனக்குப் பத்து வயது. அண்ணனை யாழ்ப்பாணத்தில் இராணுவம் பிடித்துக்கொண்டுபோய் ஏழு மாதமாகியும் தகவல் இல்லை. அப்போதுதான் இந்த இயக்குநர் கேமராக்காரர் ஒருவரோடு வந்து இறங்கினார். தாடிகூடச் சரியாக முளைக்காத ஆள். தொலைக்காட்சிக்கு அகதிகளைப் பற்றி ஒரு சின்னப் படம். இது நன்றாக வந்தால்தான் அடுத்த வேலை தருவார்கள் என்று என்னிடமே சொன்னார்.

அவருடைய ஜெர்மன் என்னுடையதைவிட மோசம். ஒரே வருடத்தில் பள்ளியில் பிடித்துக்கொண்ட ஜெர்மனோடு நான்தான் அந்த விடுதிக்கே மொழிபெயர்ப்பாளர். அந்தப் பதவிக்குரிய திமிரும் என்னிடம் இருந்தது. அவர் என்னைத் தூக்கிப் பிடித்து கேமராவுக்குள் பார்க்கவிட்டார். அவ்வளவுதான். அந்த நிமிடத்திலிருந்து அவருடைய எதிர்காலம் என் பொறுப்பாகிவிட்டது.

ஜன்னலோரம் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டே அம்மா அண்ணனைப் பற்றிப் பேச வேண்டும், நான் பக்கத்தில் உட்கார வேண்டும் என்பது ஏற்பாடு. அம்மா என்னைக் கிட்ட இழுத்தார்.

"பிள்ளை, அந்தத் தம்பிக்குச் சொல்லு. நான் கதைக்கிறன். ஆனா முகம் வரக்கூடாது. கையை மட்டும் காட்டட்டும். ஆரும் என்னைக் கண்டு அங்கை சொல்லிவிட்டா, அண்ணையைத்தான் போட்டு அடிப்பாங்கள். வடிவா விளங்கப்படுத்து, என்ன?"

ஜெர்மன் தொலைக்காட்சியை யாழ்ப்பாணத்தில் யார் பார்க்கப்போகிறார்கள் என்று நினைத்தேன். வெறும் கையைக் காட்டும் படத்துக்கு யார் அடுத்த வேலை தருவார்கள் என்றும் நினைத்தேன். அம்மாவின் முகம் போனால் பக்கத்திலிருக்கும் என் முகமும் போய்விடுமே என்று நினைத்ததைத்தான் எழுதக் கை கூசுகிறது.

"சம்மதமாம்" என்று ஜெர்மனில் சொன்னேன்.

அவர் அம்மாவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "இவ்வளவு நேரம் பேசினாரே, அவ்வளவுதானா?"

"தமிழ் நீளமான மொழி" என்றேன். அவர் சிரித்தார்.

"என்னவாம்?" என்றார் அம்மா.

"சரியாம் அம்மா. கை மட்டும்தானாம்."

அம்மா அதை நம்பினார். ஆட்கள் முன்னால் ஒருநாளும் அழாதவர், முகம் தெரியாது என்ற தைரியத்தில் உடைந்து அழுதார். மூக்கு ஒழுகியது, வாய் கோணியது. ஆனால் கண்ணைத் துடைக்கக் கையைத் தூக்கவில்லை. படத்தில் விழுவது கைதானே என்று அதை கேமராவுக்கு நேராக ஒழுங்காக நீட்டிப் பிடித்துக்கொண்டு, கண்ணீரைத் தோளில் துடைத்தார். இயக்குநர் அந்தக் கைகளையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு கேமராக்காரரின் காதில் ஏதோ சொன்னார். வெளிச்சம் போதவில்லையாக்கும் என்று நினைத்துக்கொண்டு நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

ஆறு வாரம் கழித்து ஒரு பின்னேரம், விடுதியின் பொதுக்கூடத்தில் எல்லோரும் தொலைக்காட்சி முன் கூடியிருந்தோம். ரிப்பன் கட்டி, முன்வரிசையில் நான். திரையில் அம்மாவின் கைகள் வந்தன. பாதி சீவிய கிழங்கு, ஈரமான விரல்கள், அம்மாவின் குரல். அவ்வளவுதான். அம்மாவின் முகமும் இல்லை, என் முகமும் இல்லை. நான் ஓவென்று அழத் தொடங்கினேன்.

"ஏன் பிள்ளை அழுகுது?" என்று பக்கத்து அறை அக்கா பதறினார்.

"தமையனை நினைச்சிட்டாள்" என்ற அம்மா என்னை மடியில் இழுத்து, தலையைத் தடவினார். "நான் சொன்னதை ஒண்டும் விடாமல் சொல்லியிருக்கிறாய், என்ரை கெட்டிக்காரி."

எனக்கு அழுகை இன்னும் கூடியது. கையில் கிடைத்த முகத்தை வீணாக்கிவிட்டாரே, இந்த மனிதர் சினிமாவில் எங்கே முன்னேறப்போகிறார் என்று அவர்மேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.