கந்தளாயிலிருந்து ஆறு இலக்கங்கள்

மூன்று வருடங்களாக, வேலை நாட்களில் காலை எட்டரையிலிருந்து ஒன்பது மணி வரை நான் ஓய்வுபெற்ற ஓர் ஆண் அதிகாரியாக இருந்தேன். ஒன்பது மணிக்குப் பிறகு மறுபடியும் நாற்பத்தாறு வயதுப் பெண்ணாகி, ஒரு தேநீரைக் குடித்துவிட்டு என் சொந்த வேலைகளைப் பார்ப்பேன். இந்த ஏற்பாட்டுக்குக் காரணம் கடல் கடந்த ஒரு பெரிய நாட்டின் அரச விண்வெளி நிறுவனம். எல்லாம் பாதுகாப்புக்காகத்தானாம்.

எங்கள் மீன்பிடி அலுவலகம் ஓர்ஸ் ஹில் என்ற மேட்டில் இருக்கிறது. இரண்டு அறை, மூன்று அலுமாரி, ஒரு கணினி. அந்த நிறுவனத்தின் செய்மதி எங்கள் கடலுக்கு மேலால் போகும்போது தண்ணீரின் சூட்டையும் நிறத்தையும் படமாக எடுத்து வைக்கும். நான் காலையில் அவர்களுடைய கணினிக்குள் நுழைந்து அந்தப் படத்தை இறக்கி, மீன் கூடியிருக்கக்கூடிய இடங்களைக் குறித்து, வள்ளக்காரருடைய வாட்ஸ்அப் குழுவுக்கு அனுப்ப வேண்டும். படத்தை இறக்கக் கால் மணித்தியாலம், குறிக்கக் கால் மணித்தியாலம். உள்ளே நுழைவதற்குத்தான் சில நாட்களில் ஒரு மணித்தியாலம் எடுத்தது.

கணக்கு எங்கள் பழைய மேலதிகாரியின் பெயரில் இருந்தது. அவர் அறுபது வயதில் ஓய்வுபெற்றுத் தன் சொந்த ஊரான கந்தளாய்க்குப் போனார். பிரியாவிடைக்குக் கேக் வெட்டினோம், மாலை போட்டோம், நாலு பேர் பேசினோம். கணக்கைப் பற்றி ஒருவரும் யோசிக்கவில்லை. அவர் போன அடுத்த திங்கட்கிழமை நான் வழக்கம்போலக் கடவுச்சொல்லை அடித்தேன். "உங்கள் தொலைபேசிக்கு ஆறு இலக்கங்கள் அனுப்பியிருக்கிறோம், பத்து நிமிடத்துக்குள் இடவும்" என்றது திரை. அந்தத் தொலைபேசி அப்போது கந்தளாய்க் குளக்கட்டில் காற்று வாங்கிக்கொண்டிருந்தது.

தொலைபேசி எண்ணை மாற்றிவிடலாமே என்று நீங்கள் நினைப்பீர்கள். நானும் அப்படி நினைத்த ஆள்தான். கணக்கு அலுவலகத்துக்கு உரியதல்ல, ஆளுக்கு உரியது என்று அங்கிருந்து பதில் வந்தது. எண்ணை மாற்றலாம், ஆனால் புது எண்ணும் அதே ஆளுடையதாக இருக்க வேண்டும். ஆள் மாறினால் புதிதாக விண்ணப்பிக்க வேண்டும், அதற்கு மாதக்கணக்கில் ஆகும். அதுவரை படம் இல்லை. எங்கள் தலைமை அலுவலகம் இதைத் தீவிரமாக ஆராய்ந்து, இரண்டு கடிதம் எழுதி, கடைசியில் ஒரு முடிவுக்கு வந்தது: "சேருக்கு ஒரு கோல் எடுத்துக் கேளுங்கோ."

அப்படியே கந்தளாய்ச் சேரைத் தொலைபேசியில் அழைத்துக் கேட்டேன். ஒன்றிரண்டு கிழமை என்று தொடங்கியது மூன்று வருடம் போனது.

கேட்டவுடன் தந்திருந்தால் நான் இதை எழுதவே மாட்டேன். அவருக்கு அவருடைய பாதுகாப்பு முறை ஒன்று இருந்தது. ஆறு இலக்கத்தைச் சொல்லுவதற்கு முதல், பேசுவது நான்தான் என்று அவர் உறுதிப்படுத்திக்கொள்ள வேண்டும். அவருக்குக் கீழே பதினான்கு வருடம் வேலை செய்திருக்கிறேன். என் குரல் அவருக்குத் தெரியாதா?

"குரலை நம்ப ஏலாது பிள்ளை. இப்ப குரலையும் கம்பியூட்டர் செய்யுதாம். சொல்லும் பாப்பம், என்ரை பிரியாவிடைக் கேக்கிலை எழுத்து என்ன நிறம்?"

"நீலம் சேர். ரெண்டு நிமிஷம் போயிட்டுது."

"ஓம், நீலம். பொறும், கண்ணாடியை எடுக்கிறன்."

கண்ணாடி எப்போதும் வேறு அறையில் இருக்கும். அவர் போய் எடுத்து வந்து, ஒவ்வொரு இலக்கமாகச் சொல்லி, என்னைத் திருப்பிச் சொல்ல வைத்து, சரியென்று ஒப்புக்கொள்ளும்போது பத்து நிமிடம் முடிந்திருக்கும். திரும்பவும் புது இலக்கம் கேட்க வேண்டும். திரும்பவும் ஒரு கேள்வி வரும். மூன்றாவது அலுமாரியின் இரண்டாம் தட்டில் என்ன இருக்கிறது? பூச்சி மருந்து, சேர். இதற்கிடையில் மேசையிலுள்ள மற்றத் தொலைபேசியில் கிண்ணியா மீனவர் சங்கச் செயலாளர் வருவார். "மிஸ், மணி ஒம்பதாகுது. வானம் இன்னும் தொறக்கல்லியா?" என்பார். அவர் பகிடிக்குத்தான் கேட்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒருமுறை சீனன்குடாவில் விமானப்படை முகாமுக்கு ஓர் அலுவலாகப் போயிருந்தேன். வாசலில் நின்றவர் அடையாள அட்டையைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார், புத்தகத்தில் எழுதினார், உள்ளே விட்டார். துவக்கோடு நிற்பவருக்கு இரண்டு நிமிடம் போதுமாக இருந்தது. மீன் எங்கே நிற்கிறது என்று பார்க்கத்தான் எனக்குக் கேக்கின் நிறம் தேவைப்பட்டது.

கடவுச்சொல் இன்னொரு கூத்து. அறுபது நாளைக்கு ஒருமுறை மாற்ற வேண்டும். பெரிய எழுத்து, சிறிய எழுத்து, இலக்கம், குறி எல்லாம் இருக்க வேண்டும். அகராதியிலுள்ள சொல்லாக இருக்கக்கூடாது. சேர் மீன்களின் பெயரை ஆங்கில எழுத்தில் வைக்கச் சொன்னார். சூரை, பாரை, சீலா, கும்பிளா என்று வரிசையாக வைத்தோம். "மிகவும் பலமானது" என்று ஒவ்வொன்றுக்கும் பச்சை விளக்கு எரிந்தது. அந்த நாட்டு அகராதியில் கும்பிளாவைத் தேட யார் போகப்போகிறார்கள்? அந்த மிகப் பலமான சொல்லை நாங்கள் மறக்காமல் இருக்க, கணினிக்குப் பக்கத்தில் தொங்கிய நாட்காட்டியின் மட்டையில் எழுதி வைத்தோம். மின்சாரப் பட்டியல் கொண்டுவருபவருக்கும் அது தெரியும்.

வருடத்துக்கு ஒருமுறை பாதுகாப்புப் பயிற்சி என்று ஒன்று வரும். கணினியில் பாடம் படித்துப் பரீட்சை எழுதாவிட்டால் கணக்கை மூடிவிடுவார்கள். சேருக்குப் பதிலாக, சேரின் பெயரில், நான் எழுதினேன். அதில் ஒரு கேள்வி இன்னும் ஞாபகம் இருக்கிறது. "உங்களுடன் வேலை செய்யும் ஒருவர் தொலைபேசியில் அழைத்து உங்கள் இரகசிய இலக்கத்தைக் கேட்கிறார். நீங்கள் என்ன செய்வீர்கள்?" அந்தப் பரீட்சைக்குள் நுழைவதற்காகக் கால் மணித்தியாலத்துக்கு முதல்தான் நான் தொலைபேசியில் அழைத்து இரகசிய இலக்கத்தைக் கேட்டிருந்தேன். "மறுத்துவிட்டு உடனடியாக முறையிடுவேன்" என்பதைத் தெரிவுசெய்தேன். நூற்றுக்கு நூறு. சேரின் பெயரில் ஒரு சான்றிதழ் வந்தது. அதை நிறத்தில் அச்சடித்துத் தபாலில் அனுப்பச் சொன்னார். அனுப்பினேன். கண்ணாடி போட்டு விறாந்தையில் மாட்டியிருப்பதாக அடுத்த கிழமை சொன்னார். எழுதியது யார் என்ற பேச்சே வரவில்லை.

அவர் ஒரு நாளும் தவறவிட்டதில்லை. அதையும் சொல்ல வேண்டும். கிளினிக் வரிசையில் நின்றபடி எடுத்திருக்கிறார். குளத்தில் குளிக்கப் போனாலும் ஒரு பொலித்தீன் பையில் தொலைபேசியைச் சுற்றிக் குளக்கட்டில் வைத்துவிட்டு, அதைப் பார்த்தபடியே முழுகுவாராம். இதைச் சொன்னது அவருடைய மனைவி. ஒரு நாள் அவர்தான் தொலைபேசியை எடுத்தார்.

"இருங்கோ பிள்ளை, அவர் கண்ணாடி எடுக்கப் போயிட்டார். விடிய ஏழரைக்கே சேர்ட்டைப் போட்டுக்கொண்டு கதிரையிலை இருந்திடுவார். நீங்கள் எடுக்கிறவரைக்கும் என்னை ஒருத்தரோடையும் கதைக்க விடமாட்டார், லைன் பிஸியாகிடுமாம். பென்சனுக்குப் பிறகு வேறை ஆர் பிள்ளை இவரைத் தேடுகினம்? இந்த ஒரு அலுவல்தான்."

இதைக் கேட்டு எனக்கு மனம் இளகியது என்று எழுதினால் நன்றாக இருக்கும். இளகவில்லை. அவருக்குப் பொழுது போவதற்காக நான் தினமும் அரை மணித்தியாலம் நெருப்பில் நிற்க வேண்டுமா என்றுதான் தோன்றியது.

போன வருடம் விண்வெளிக்காரருக்கு ஒரு சந்தேகம் வந்தது. இந்தக் கணக்கை ஒருவருக்கு மேற்பட்டவர்கள் பாவிக்கக்கூடும் என்று அலுவலகத்துக்கு மின்னஞ்சல் அனுப்பினார்கள். இரண்டரை வருடத்துக்குப் பிறகு கண்டுபிடித்துவிட்டார்கள், கெட்டிக்காரர். கணக்கின் சொந்தக்காரர் காணொளியில் தோன்றி முகத்தைக் காட்ட வேண்டும், இல்லையென்றால் கணக்கு மூடப்படும். அதற்கு நீண்ட தவணையும் கொடுத்திருந்தார்கள்; அதுவரை பழைய கணக்கை மூடாமலே புதிதாகவும் விண்ணப்பிக்கலாம். நான் சேரிடம் சொல்லியிருந்தால் அன்றைக்கே இஸ்திரிப் பெட்டியைச் சூடாக்கிச் சேர்ட்டை மினுக்கியிருப்பார். முகத்தைக் காட்டியிருப்பார். பிறகு இன்னும் எத்தனை வருடம் நான் பூச்சி மருந்துக்குப் பதில் சொல்லிக்கொண்டிருப்பது?

நான் சொல்லவில்லை. என் பெயரில் புதுக் கணக்குக்கு விண்ணப்பித்தேன். கடவுச்சீட்டுப் பிரதி கொடுத்தேன். முகத்தை இடம் வலம் திருப்பிக் காட்டினேன். அவர்களுடைய படிவத்தில் குடும்பப் பெயர் என்ற கட்டத்துக்கு என்னிடம் இருந்தது அப்பாவின் பெயர்தான். அதனால் வந்த கடிதமெல்லாம் அப்பாவின் பெயரை விளித்தே வந்தது. ஐந்து மாதம் ஆனது. அந்த ஐந்து மாதமும் காலையில் சேரை அழைத்துக்கொண்டே இருந்தேன். இன்றைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று நினைப்பேன். அவர் கேக்கைப் பற்றிக் கேட்டவுடன் எரிச்சல் வந்துவிடும், சொல்லாமலே வைத்துவிடுவேன்.

ஒரு செவ்வாய்க்கிழமை என் கணக்கு திறந்தது. என் கடவுச்சொல், என் தொலைபேசி, என் ஆறு இலக்கங்கள். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. ஆசையில் ஏழரைக்கே வந்திருந்ததால் எட்டு மணிக்கே படம் குழுவுக்குப் போய்விட்டது. "மாஷா அல்லாஹ், மிஸ், என்ன நடந்த?" என்று கிண்ணியாச் செயலாளர் குரல் பதிவு அனுப்பினார். நான் தேநீரைச் சூட்டோடு குடித்தேன். அப்படிக் குடித்து எவ்வளவோ காலம்.

எட்டே முக்காலுக்குச் சேரின் அழைப்பு வந்தது. எடுக்கவில்லை. ஒன்பதுக்கும் வந்தது. புதன்கிழமை அலுவலகத் தொலைபேசிக்கு அழைத்தார். கூட்டத்தில் இருக்கிறேன் என்று சொல்லச் சொன்னேன். எங்கள் அலுவலகத்தில் மொத்தம் நாலு பேர், கூட்டம் வைக்கிற அளவுக்கு ஒரு விஷயமும் இல்லை. அது அவருக்கும் தெரியும். மூன்று வருடம் காத்திருந்தது நான், இரண்டு நாள் அவர் காத்திருக்கட்டும் என்று நினைத்தேன். அப்படி நினைத்ததை இப்போது மறைத்து என்ன பயன்?

வியாழக்கிழமை பத்து மணிக்குச் சேர் வாசலில் நின்றார். கந்தளாயிலிருந்து பஸ்ஸில் வந்திருந்தார். மினுக்கிய வெள்ளைச் சேர்ட் முதுகோடு ஒட்டிப்போயிருந்தது. நான் நினைத்ததைவிட மெலிந்திருந்தார். கையில் அந்தப் பொலித்தீன் பை. அதற்குள் தொலைபேசி, சார்ஜர், சிம் அட்டை வந்த பழைய உறை எல்லாம் இருந்தன. சண்டைக்குத்தான் வந்திருக்கிறார் என்று நான் பதிலை யோசிக்கத் தொடங்கினேன்.

"பிள்ளை, குறை நினைக்காதையும்," என்றார் அவர். "செவ்வாய்க்கிழமையிலையிருந்து நம்பர் வரேல்லை. போன் பழுதாப் போச்சுப் போலை. கடையிலை குடுத்துப் பாத்தனான், ஒண்டுமில்லை எண்டுறான். அவனுக்குத் தெரியாது. எனக்கு ரெண்டு நாளா நித்திரை இல்லை. என்னாலை வள்ளங்கள் படமில்லாமல் போகுதெல்லோ. கிண்ணியாச் சனம் என்ன நினைக்கும்? இதைத் திருத்திச் சிம்மோடை நீரே வைச்சிரும், நம்பர் உமக்கே வரட்டும். நான் வேறை ஒண்டு வாங்குறன்."

பையை என் மேசையில் வைத்தார்.

நான் எழுந்து நின்றேன். எனக்கு வெட்கமாக இருந்தது. வேறு எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. யோசித்து வைத்திருந்த சண்டைப் பதில்கள் எல்லாவற்றையும் விட்டுவிட்டு, உள்ளதைச் சொன்னேன். புதுக் கணக்கு, ஐந்து மாதம், செவ்வாய்க்கிழமை, எடுக்காத அழைப்புகள், நடக்காத கூட்டம், எல்லாவற்றையும் சொன்னேன்.

அவர் விரல்களை மடித்து எண்ணினார்.

"அப்ப மூண்டு நாளும் படம் போனதோ?"

"போனது சேர்."

"நேரத்துக்கோ?"

"எட்டு மணிக்கே போனது."

"அப்ப நல்லது," என்றார். பையை மறுபடியும் எடுத்து, தொலைபேசியை வெளியே எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "போன் பழுதில்லை, என்ன?"

"இல்லை சேர். போன் நல்லாத்தான் இருக்கு."

தேநீர் வந்தது. குடித்தார். கிளினிக் எப்படி என்று கேட்டேன், கிளினிக் மாதிரித்தான் என்றார். எழும்பப் போனவர் மறுபடி உட்கார்ந்து, கொஞ்சம் கூச்சத்தோடு கேட்டார்: "உம்மடை பேரிலை எப்பிடித் திறக்குது எண்டு ஒருக்காப் பாக்கலாமோ? ஏலுமெண்டால்தான்."

"இதிலை என்ன சேர், வாங்கோ" என்று என் மேசைக்குப் பக்கத்தில் ஒரு கதிரையை இழுத்துப் போட்டேன். வந்து உட்கார்ந்தார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். அது சட்டைப்பையிலேயே இருந்தது. திரையில் என் பெயர் வந்தது. கடவுச்சொல்லுக்கான கட்டம் வந்து, குறி மினுங்கிக்கொண்டு நின்றது.

அவர் உடனே எழும்பி, கதிரையைத் தூக்கிச் சுவர்ப்பக்கம் திருப்பிப் போட்டு, எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தார்.

"அடியும் பிள்ளை. அது உம்மடையது, நான் பாக்கக்கூடாது."

நான் அடித்தேன். பிழை என்றது. கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுபடி அடித்தேன். மறுபடியும் பிழை. இன்னொரு முறை பிழைத்தால் கணக்குப் பூட்டப்படும் என்று சிவப்பில் எழுதிக் காட்டியது.

"முடிஞ்சுதோ பிள்ளை? திரும்பலாமோ?" என்று சுவரைப் பார்த்தபடி கேட்டார்.

"இன்னும் இல்லை சேர்," என்றேன். "கொஞ்சம் பொறுங்கோ."