சொல்லிக்கொடுத்த அந்தி

யார் மேல் கோபம் வந்தாலும் அன்றைக்கே திட்டித் தீர்த்துவிடுகிறவள் ராமக்காள். சோழவந்தான் கொடிக்காலில் அவளோடு வெற்றிலை கிள்ளிய பெண்களுக்கு அது தெரியும். முப்பத்தெட்டாம் வருஷத்துக் கோபம் மட்டும் அவளுக்குத் தீரவில்லை.

அந்த வருஷம் மாசியில், ஒரு அந்தி நேரம், அவளுடைய நாலு வயது மகள் செல்லக்கிளி காய்ச்சலில் செத்துப்போனாள். புருஷன் சோலையின் மடியில்தான் உயிர் பிரிந்தது. அதே அந்தியில் அவர்கள் முதலாளி உக்கிரபாண்டியின் வைக்கோல் படப்பு எரிந்தது. பங்காளி கருத்தக்கண்ணன்தான் தீ வைத்தான் என்று அவர் வழக்குப் போட்டார். கண்ணால் பார்த்தவன் ஒருவனுமில்லை. சோலையைப் பார்த்தவனாக்கினார்.

வெறும் வாயால் சொல்லிக்கொடுத்தால் கூண்டில் உளறிவிடுவான். அதனால் தினமும் பொழுது சாய்கையில் வரப்பில் நடத்திக் கூட்டிப்போனார். இங்கே நின்றாய், இந்த அகத்தி மறைவில் குனிந்தாய், அதோ கருத்தக்கண்ணன் பந்தத்தோடு ஓடினான். ஒரு மாதம் நடந்தான் சோலை. மதுரைக் கோர்ட்டில் எதிர்க்கட்சி வக்கீல் எப்படி மடக்கியும் தடுமாறவில்லை. கருத்தக்கண்ணன் ஜெயிலுக்குப் போனான்.

கூலிக்காரன் வேறென்ன செய்வான் என்று ராமக்காள் பொறுத்துக்கொண்டாள். மறு மாசியில் பிள்ளைக்குப் படைக்கும்போது சோலை விம்மினான்.

"கடைசியா அது மூஞ்சியப் பாக்கக் கொடுத்து வைக்கலையே. வரப்புலல்ல நின்னேன்."

"எந்த வரப்புல?"

"கருத்தக்கண்ணன் ஓடுனான்ல, அன்னைக்கு."

அவன் முகத்தில் பொய் இல்லை. ஒரு மாதம் நடந்த வரப்பே அவனுக்கு நிஜமாகிவிட்டிருந்தது.

மறுநாள் வெற்றிலைக் கட்டு ஏற்றுகிற இடத்துக்கே போய் நின்றாள்.

"ஐயா, பொய் சொல்லத்தான எம் புருஷனக் கூட்டிப் போனீக? எம் மகளையும் சேத்து எடுத்துக்கிட்டீகளே."

உக்கிரபாண்டி சிரித்தார். "அவன் புத்தி மழுங்குனதுக்கும் நானா பொறுப்பு? எம்புட்டுத்தான் என் தலையில கட்டுவீக?"

"சிரிங்க. உங்க அப்பன் யாருன்னு உங்களுக்கும் ஒருத்தன் சொல்லிக்கொடுப்பான்."

வண்டிக்காரர்கள் சிரிப்பை அடக்கிக்கொண்டு மாட்டுப் பக்கம் திரும்பினார்கள்.

சாயங்காலம் சோலையை உட்காரவைத்து, பழைய சேலையைப் பிள்ளைபோல் சுருட்டி அவன் மடியில் வைத்தாள்.

"இங்கனதான்யா ஒக்காந்திருந்த. தலை இந்தக் கையில. தண்ணி கேட்டுச்சு. நீ விரல நனைச்சு ஒதட்டுல வச்ச."

சோலை கண்ணிமைக்காமல் கேட்டான். ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினான்.

"தலை எந்தக் கையிலன்னு சொன்ன? இன்னொரு வாட்டி சொல்லு புள்ள."

ராமக்காள் சேலையைப் பிடுங்கிக்கொண்டாள்.

"சொல்ல மாட்டேன்," என்றாள். "இதையும் நான் சொல்லிக்கொடுத்து நீ அழ வேணாம்யா."